லிவர்ல கட்டி: வெட்டுறதா, சுடுறதா, லிவரையே மாத்துறதா?

மாமாவுக்கு சுகர் குறைய ஆரம்பிச்சப்ப வீட்ல எல்லாரும் சந்தோஷம்தான் பட்டோம். பதினெட்டு வருஷமா சுகர், வெறும் வயித்துல 180-க்கு கீழ பாத்ததே இல்ல, திடீர்னு 75, 80-னு வருது, மூணு மாச சராசரி டெஸ்ட்டும் 5.6-னு வந்துச்சு. அத்தை பாகற்காய் ஜூஸ் குடுத்துட்டு இருந்தாங்க, அதுதான் வேலை செய்யுதுன்னு தெருவுல நாலு பேருக்கு சொல்லி அவங்களும் குடிக்க ஆரம்பிச்சாச்சு. எட்டு மாசம் கழிச்சு ஹெர்னியா ஆபரேஷனுக்காக எடுத்த வயித்து ஸ்கேன்லதான் லிவர் சுருங்கி மேடு பள்ளமா இருக்குன்னும் அதுல 2.8 சென்டிமீட்டர்ல ஒரு கட்டி இருக்குன்னும் வந்துச்சு.

அப்புறம்தான் புரிஞ்சுது. லிவர்தான் சர்க்கரைய சேத்து வெச்சு தேவைப்படுறப்ப விடுற குடோன், அது தழும்பேறி சிரோசிஸ் ஆயிட்டா பட்டினி நேரத்துல சர்க்கரைய விட முடியாது, அதனால சுகர் இறங்கும். மூணு மாச சராசரி டெஸ்ட்டையும் நம்ப முடியாது, ஏன்னா மண்ணீரல் வீங்குனா சிவப்பணு சீக்கிரமே செத்துப்போகும், சர்க்கரை ஒட்டிக்க நேரமே இருக்காது, ரிசல்ட் பொய்யா கம்மியா வரும். சில லிவர் கேன்சர் கட்டி இன்சுலின் மாதிரியே வேலை செய்யுற ஒரு பொருளையும் சுரக்கும். நாங்க பாகற்காய்க்கு மார்க் போட்டுட்டு இருந்தோம்.

இத எழுத காரணம், கட்டின்னு தெரிஞ்ச அன்னைலருந்து ஆளாளுக்கு ஒண்ணு சொன்னாங்க. உடனே வெட்டி எடுத்துருங்க, வெட்டாதீங்க கத்தி பட்டா பரவும், ஊசி வெச்சு சுட்டுறலாம், லிவரையே மாத்துனாதான் நிம்மதி, கீமோ குடுங்க, கீழாநெல்லி அரைச்சு குடுங்க. ஆறு வாரம் நாலு டாக்டர பாத்து அலைஞ்சதுல எனக்கு மண்டைல ஏறுன ஒரே விஷயம் இதுதான்: கட்டி எத்தன சென்டிமீட்டர்ங்கிறது பாதி கேள்விதான், மீதி பாதி அது எந்த வியாதி புடிச்ச லிவர்ல முளைச்சிருக்குங்கிறது. ஒரே சைஸ் கட்டிக்கு ஒருத்தருக்கு சரியான வைத்தியம் இன்னொருத்தர கொன்னுடும்.

வெயிட்டிங் ஹால்லயே இத கண்ணால பாத்தேன். மாமாவுக்கு ரெண்டு சீட் தள்ளி ஒரு லாரி ஓனர், நாப்பத்தஞ்சு வயசு இருக்கும், ஆள் நல்லா திடமா இருந்தாரு, அவருக்கு ஹெபடைடிஸ் பி, கட்டி நாலு சென்டிமீட்டர், ஆனா சிரோசிஸ் கிடையாது. இன்னொருத்தர் அம்பது சொச்சம், வருஷக்கணக்கா குடி, கண்ணு மஞ்சள், வயித்துல தண்ணி கோத்து வேட்டிய தொப்புளுக்கு கீழ இறக்கி கட்டியிருந்தாரு, அவருக்கு ரெண்டு சென்டிமீட்டர்ல ரெண்டு சின்ன கட்டி. மூணு பேரு கட்டியும் சின்னதுதான். லாரிக்காரருக்கு ஆபரேஷன், மாமாவுக்கு சுடுறது, மூணாவது ஆளுக்கு கட்டிய தொடக்கூட முடியாதுன்னாங்க.

லாரிக்காரர்ல இருந்து ஆரம்பிக்கிறேன். பொதுவா லிவர் கேன்சர் சிரோசிஸ் ஆன லிவர்லதான் வரும், பத்துல எட்டு ஒம்போது பேருக்கு அப்படித்தான். ஹெபடைடிஸ் பி மட்டும் கொஞ்சம் விஷமக்கார வைரஸ், தன்னோட மரபணுவ கொண்டுபோய் நம்ம லிவர் செல் மரபணுவுக்குள்ளயே செருகிடும், அதனால சிரோசிஸ் ஆகாமலே நேரா கேன்சர் வரலாம். கேக்கவே பயமா இருந்தாலும் ஆபரேஷன் பண்ணப்போற ஆளுக்கு இதுல ஒரு லாபம் இருக்கு. சுத்தியிருக்குற லிவர் நல்லாருக்கு, அதனால பெரிய துண்டா வெட்டலாம். நல்ல லிவர்னா கால்வாசி மிச்சம் இருந்தாலே திரும்ப வளந்துக்கும், சிரோசிஸ் லிவர்னா குறைஞ்சது 40 சதவீதமாவது மிச்சம் வெக்கணும், அப்பவும் வளருமான்னு சந்தேகம்தான். லாரிக்காரருக்கு பிளேட்லெட் ரெண்டரை லட்சம் கிட்ட, மண்ணீரல் நார்மல், மஞ்சள் இல்ல. வெட்டுறதுக்குன்னே அமைஞ்ச கேஸ்.

ஆனா வெட்டுனதோட அவர் கணக்கு முடியல. வைரஸ் உள்ளயே இருக்கு, டெனோஃபோவிரோ என்டெகாவிரோ தினம் ஒரு மாத்திரை வாழ்க்கை பூரா போட்டாகணும், போட்டா கட்டி திரும்ப வர்ற வாய்ப்பு குறையும். அவரோட அண்ணன் தம்பி, அக்கா தங்கச்சி, அம்மா, பொண்டாட்டி பிள்ளைங்க எல்லாருக்கும் ஒரு ரத்த டெஸ்ட் எடுக்கச் சொன்னாங்க, ஏன்னா ஹெபடைடிஸ் பி நிறைய பேருக்கு பிரசவ நேரத்துல அம்மாகிட்டருந்து வர்றது, ஒருத்தருக்கு இருந்தா கூடப் பிறந்தவங்களுக்கும் இருக்கலாம். அவர் முகம் போன போக்க பாக்கணும், தங்கச்சிக்கு அப்பதான் வரன் பாத்துட்டு இருந்தாங்களாம், அதனால டெஸ்ட்டே வேணாம்னாரு. என்னத்த சொல்ல. தைவான்ல 1984-லயே குழந்தைங்களுக்கு தடுப்பூசி போட ஆரம்பிச்சு அங்க சின்னப் பிள்ளைங்களுக்கு வர்ற லிவர் கேன்சர் நல்லாவே குறைஞ்சுபோச்சு, நம்ம நாட்ல இந்த ஊசி எல்லா மாநிலத்துக்கும் போய்ச் சேந்தது 2011 வாக்குலதான். அதுக்கு முன்னாடி பிறந்தவங்க ஒரு தடவ டெஸ்ட் எடுத்துக்கிட்டா காசு ஒண்ணும் பெருசா ஆகாது.

ஹெபடைடிஸ் சி கதை வேற. அதுக்கு தடுப்பூசி இல்ல, ஆனா பன்னெண்டு வாரம் மாத்திரை போட்டா நூத்துக்கு 95 பேருக்கு வைரஸ் காலி, 2018-ல ஆரம்பிச்ச தேசிய வைரல் ஹெபடைடிஸ் திட்டத்துல அது அரசு ஆஸ்பத்திரில இலவசம். ஒரே விஷயம், சிரோசிஸ் வந்த அப்புறம் வைரஸ ஒழிச்சா கேன்சர் அபாயம் குறையுமே தவிர போயிடாது, ஆறு மாசத்துக்கு ஒரு ஸ்கேன் தொடரணும், நிறைய பேரு "குணமாயிடுச்சு"ன்னு அத விட்டுர்றாங்க.

இப்ப மாமா. வாழ்க்கைல பீர் கூட தொட்டதில்ல, அரிசிக் கடை, காலைல ஏழுலருந்து ராத்திரி ஒம்போது வரைக்கும் கல்லாவுல உக்காந்த உக்காப்பு, மூணு வேளையும் சோறு, வயிறு முன்னாடி. லிவர் கேன்சர்னு ஊருக்குள்ள தெரிஞ்சதும் "மறைஞ்சு மறைஞ்சு குடிச்சிருப்பாரு"ன்னு பேச்சு, அத்தைக்கு நோயவிட அதுதான் வலி. ஃபேட்டி லிவர்னு எல்லா ஸ்கேன் ரிப்போர்ட்லயும் சாதாரணமா போட்டுருப்பாங்களே அதேதான், சுகரும் தொப்பையும் கொலஸ்ட்ராலும் சேந்த கூட்டணி. 2023-ல இதுக்கு பேரையே மாத்தி உடம்போட சர்க்கரை கொழுப்பு கோளாறால வர்ற லிவர் நோய்னு அர்த்தம் வர்ற மாதிரி வெச்சாங்க. சுகர் இருந்தாலே லிவர் கேன்சர் அபாயம் சுமார் ரெண்டு மடங்கு. மாமாவோட 2016 ரிப்போர்ட்லயே "கிரேடு 2 ஃபேட்டி லிவர்"னு இருந்துச்சு, அலமாரில பத்திரமா மடிச்சு வெச்சிருந்தோம்.

கேன்சருக்கான ரத்த டெஸ்ட், ஏ.எஃப்.பி, மாமாவுக்கு 9, அதாவது நார்மல். அத வெச்சு ஒருத்தர் இது கேன்சரே இல்லன்னுட்டாரு. சின்ன கட்டில நிறைய பேருக்கு இது ஏறவே ஏறாது, அத நம்பி உக்காராதீங்க. மூணு கட்டமா எடுக்குற சி.டி தான் சொல்லுச்சு: மருந்து ஏத்துன உடனே கட்டி பளிச்சுனு வெள்ளையா தெரியுது, கொஞ்ச நேரத்துல சுத்தியிருக்கிற லிவரவிட கருப்பா ஆயிடுது. சிரோசிஸ் உள்ளவங்களுக்கு இந்த ரெண்டும் தெளிவா இருந்தா ஊசி விட்டு சதை எடுத்து பாக்குற பயாப்சியே தேவையில்ல. அந்த ஊசி போன பாதைல கேன்சர் செல் சிந்துற சின்ன அபாயமும் இல்லாம போகும். ஆனா சிரோசிஸ் இல்லாத ஆளுக்கு இந்த விதி பொதுவா பொருந்தாது, அங்க சதை எடுத்து பாக்காம சொல்ல முடியாம போகலாம். குடல்ல இருக்குற கேன்சர் லிவர்ல வந்து உக்காந்தாலும் ஸ்கேன்ல கட்டிதான், அது லிவர் கேன்சரே இல்ல, அதுக்கு வைத்தியமே வேற.

மாமாவுக்கு வெட்டுறது ஏன் வேணாம்னாங்கன்னா பிளேட்லெட் 82,000, மண்ணீரல் பெருசு, எண்டோஸ்கோப்பில உணவுக்குழாய்க்குள்ள ரத்தக்குழாய் புடைச்சு நிக்குது. லிவருக்கு ரத்தம் கொண்டுபோற பெரிய குழாய்ல பிரஷர் ஏறிடுச்சுன்னு அர்த்தம், அந்த நிலைமைல லிவர வெட்டுனா மிச்சம் இருக்குறது தாங்காம வயித்துல தண்ணி, மஞ்சள்னு இறங்கிடும். பிலிருபின், ஆல்புமின்லாம் பாத்து போடுற சைல்ட் மார்க்ல அவர் ஏ கிளாஸ்தான், 6 மார்க், பேப்பர்ல பாத்தா நல்லவர். பிளேட்லெட்தான் உண்மைய சொல்லுச்சு. வெட்டியே ஆகணும்னு சொன்ன டாக்டர்கிட்ட இந்த நம்பர காட்டி கேட்டோம், அவரே யோசிச்சுட்டு பின்வாங்கிட்டாரு. இன்னொன்னு, வெட்டுனாலும் சிரோசிஸ் லிவர்ல அஞ்சு வருஷத்துக்குள்ள பத்துல ஏழு பேருக்கு திரும்ப வருது. இத சொன்னதும் மாமா கேட்டாரு, "ஓதம் ஏறுன செவுத்துல ஒரு எடத்துல பூச்சு உதிருது, அத மட்டும் பூசுனா பக்கத்துல உதிரும், அதான சார்?" டாக்டர் சிரிச்சுட்டு ஆமாங்க அதேதான்னாரு. "அப்ப வீட்டையே இடிச்சு கட்டணும்ங்கிறீங்க." லிவர் மாத்துறத அவர் அன்னைலருந்து அப்படித்தான் சொல்றாரு.

அந்த கணக்குல பாத்தா மாத்துறதுதான் முழு வைத்தியம், கட்டியும் போகும் ஓதமும் போகும். 1996-ல இத்தாலி மிலான்ல மஸஃபெர்ரோன்னு ஒரு சர்ஜன் ஒரு எல்லைக்கோடு போட்டாரு: ஒரே கட்டின்னா அஞ்சு சென்டிமீட்டருக்குள்ள, இல்லன்னா அதிகபட்சம் மூணு கட்டி, ஒவ்வொண்ணும் மூணுக்குள்ள, ரத்தக்குழாய்க்குள்ள ஏறியிருக்கக் கூடாது. அப்படி பொறுக்கி எடுத்து மாத்துன 48 பேருல நாலு வருஷ முடிவுல 75 சதவீதம் உயிரோட இருந்தாங்க, அதுக்கு முன்னாடி கேன்சருக்காக லிவர் மாத்துறதே வீண்னு நெனச்சுட்டு இருந்த காலம். இன்னைக்கும் முதல்ல பாக்குறது அந்த கோட்டுக்குள்ள இருக்கோமான்னுதான். மாமா தாராளமா உள்ள இருந்தாரு.

பிரச்சனை லிவர் யாருகிட்டருந்துங்கிறது. மூளைச்சாவு ஆனவங்ககிட்டருந்து வர்றதுக்கு அரசு பட்டியல்ல பேர பதியணும், எப்ப வரும்னு யாராலயும் சொல்ல முடியாது, நம்ம நாட்ல நடக்குறதுல பெரும்பகுதி சொந்தக்காரங்க பாதி லிவர குடுக்குறதுதான். அதுக்கு தனியார்ல இருபது லட்சத்துக்கு மேல, சென்னை ஸ்டான்லி மாதிரி அரசு ஆஸ்பத்திரிலயும் பண்றாங்க, முதலமைச்சர் காப்பீட்டுலயும் இதுக்கு வழி இருக்கு, வருமான சர்ட்டிஃபிகேட்டோட போய் விசாரிங்க. மாமா பொண்ணு உடனே நான் தர்றேன்னு நின்னுச்சு. முப்பத்தோரு வயசு, ரத்த குரூப் ஒத்துப்போச்சு, ஸ்கேன் எடுத்தா அதுக்கும் ஃபேட்டி லிவர்! கொழுப்பு நெறைஞ்ச லிவர குடுத்தா வாங்குறவருக்கும் ஆகாது, குடுக்குறவளுக்கும் ஆகாது, எடை குறைச்சுட்டு வாம்மான்னு திருப்பி அனுப்பிட்டாங்க. அப்பா கல்லாவுல உக்காந்து சம்பாதிச்ச நோய மக ஐ.டி கம்பெனி சேர்ல உக்காந்து சம்பாதிச்சிருக்கு. மாமா அது பாட்டுக்கு தனி பிடிவாதம், "பொண்ணு வயித்த கிழிச்சு நான் அரிசி விக்கணுமா"ன்னு. அவர் பயமும் சும்மா இல்ல, வலது பாதிய குடுக்குறவங்கள்ல 200 முதல் 500 பேருக்கு ஒருத்தர் இறந்துபோற அபாயம் இருக்கு, அத யாரும் மழுப்பக் கூடாது, எங்களுக்கு கவுன்சிலிங்ல பொண்ணு முன்னாடியே சொன்னாங்க, நல்லது.

அப்ப மிச்சம் சுடுறது. தோல் வழியா நீளமான ஊசிய ஸ்கேன் பாத்துக்கிட்டே கட்டிக்குள்ள இறக்கி சூட்டுல பொசுக்குறது. ரேடியோ அலைன்னு ஒரு வகை, மைக்ரோவேவ்னு ஒரு வகை. ரெண்டு சென்டிமீட்டர் வரைக்கும் வெட்டுறதுக்கு கிட்டத்தட்ட சமமான பலன்னே சொல்றாங்க, மூணு வரைக்கும் பரவால்ல, அதுக்கு மேல போனா ஓரத்துல உயிர் மிச்சம் இருந்து திரும்ப வரும். பெரிய ரத்தக்குழாய் பக்கத்துல கட்டி இருந்தா ஓடுற ரத்தம் சூட்ட இழுத்துட்டு போயிடும், தண்ணி ஊத்திக்கிட்டே அடுப்பு பத்த வைக்கிற மாதிரி. மாமா கட்டி ஒரு பெரிய குழாய ஒட்டித்தான் இருந்துச்சு, அதான் மைக்ரோவேவ், அது சீக்கிரம் அதிக சூடு ஏத்தும். ரெண்டு நாள் ஆஸ்பத்திரி, எங்களுக்கு எல்லாம் சேத்து ஒன்னே முக்கால் லட்சம் ஆச்சு. சாயங்காலம் வலது தோள்பட்டை வலிக்குதுன்னாரு, வயித்துல பண்ணதுக்கு தோள் ஏன் வலிக்குதுன்னு பயந்துட்டோம், உதரவிதானம் எரிச்சல் பட்டா வலி அங்கதான் தெரியுமாம்.

வெட்டவும் சுடவும் முடியாதவங்களுக்கு தொடை வழியா குழாய விட்டு கட்டிக்கு ரத்தம் போற தமனில மருந்து விட்டு அடைக்கிறது இருக்கு, டேஸ்னு சொல்வாங்க. நல்ல லிவருக்கு முக்கால்வாசி ரத்தம் குடல்ல இருந்து வர்ற போர்ட்டல் வெயின்ங்கிற குழாய்ல இருந்து வருது, கட்டி மட்டும் தமனிய நம்பித்தான் இருக்கு, அதனால தமனிய அடைச்சா கட்டிதான் பட்டினி கிடக்கும். கட்டி பல இடத்துல இருந்தா இது, ஆனா முழுசா குணமாக்குற ஆயுதம் இல்ல. கேன்சர் ரத்தக்குழாய்க்குள்ள ஏறிட்டா, வெளிய பரவிட்டா மருந்துதான். 2008 வாக்குல சோராஃபெனிப் மாத்திரை வந்தப்ப சராசரியா மூணு மாசம் கூட கெடைச்சுது, அதுவே பெரிய விஷயமா இருந்துச்சு, 2020-ல அட்டெசோலிசுமாப், பெவாசிசுமாப்னு ரெண்டு ஊசி சேந்து சராசரிய 19 மாசம் வரைக்கும் கொண்டு போச்சு. பெவாசிசுமாப் ரத்தக் கசிவ கிளப்பும், உணவுக்குழாய்க்குள்ள ரத்தக்குழாய் புடைச்சிருக்கான்னு எண்டோஸ்கோப்பி பாக்காம அத ஆரம்பிக்க விடாதீங்க. பின்னாடி லிவர் மாத்துற யோசனை இருந்தா அட்டெசோலிசுமாப் மாதிரி இம்யூன் ஊசிக்கு முன்னாடியே டாக்டர்கிட்ட சொல்லிடணும், தட்டியெழுப்பின எதிர்ப்பு சக்தி புது லிவரையே தாக்கலாம்.

மூணாவது ஆள மறந்துட்டேன். அவருக்கு கட்டி ரெண்டும் மிலான் கோட்டுக்குள்ளதான், ஆனா லிவர் அதே சைல்ட் மார்க்ல சி கிளாஸ், அதாவது ரொம்ப கெட்டுப்போன லிவர். சுட்டாலும் அடைச்சாலும் கட்டி சாகுறதுக்கு முன்னாடி லிவர் செத்துடும். அவருக்கு இருந்த ஒரே வாசல் லிவர் மாத்துறது, அதுக்கு குடிய நிறுத்தி பொதுவா ஆறு மாசம் இருந்து காட்டணும்பாங்க. நிறுத்தி நாலு மாசம் ஆச்சுன்னு அவர் சம்சாரம் விரல் விட்டு எண்ணி சொன்னாங்க. அதுக்கப்புறம் அவங்கள பாக்கல.

பிறவிக் கோளாறுல இருந்து வர்றதும் உண்டு, அங்கயும் வேர பாத்துதான் முடிவு. உடம்புல இரும்பு சேந்துக்கிட்டே போற ஹீமோகுரோமட்டோசிஸ்ல ரத்தத்த அப்பப்ப எடுத்து இரும்ப குறைக்கணும், டைரோசினீமியா குழந்தைங்களுக்கு நிட்டிசினோன் மருந்த சீக்கிரம் ஆரம்பிச்சா கேன்சரையே பெரும்பாலும் தள்ளி வெக்கலாம், லிவர மாத்துனா மூலக் கோளாறும் சேந்து போயிடும். பிறக்கும்போதே நாக்கு பெருசா, ஒரு பக்கம் உடம்பு பெருசா இருக்குற பெக்வித் வீடெமன் குழந்தைங்களுக்கு ஹெபடோபிளாஸ்டோமாங்கிற வேற வகை லிவர் கேன்சர் வரலாம், அதனால சின்ன வயசுல மூணு மாசத்துக்கு ஒரு ஸ்கேனும் ஏ.எஃப்.பி-யும் எடுப்பாங்க. குடல்ல பாலிப்ங்கிற சின்னச் சதை வளர்ச்சி நூத்துக்கணக்குல வர்ற குடும்பத்துலயும் குழந்தைங்களுக்கு இதே கட்டி வரலாம், அங்க குழந்தைக்கு லிவர்ல கட்டின்னா அப்பா அம்மா குடலையும் பாக்கணும்.

கீழாநெல்லிக்கு வர்றேன், ஏன்னா இத எழுதலன்னா கமென்ட்ல அதான் வரும். அத கேலி பண்ண மாட்டேன். 1988-ல லான்செட் பத்திரிகைல சென்னை ஆராய்ச்சியாளர்களும் ஹெபடைடிஸ் பி வைரஸ கண்டுபிடிச்சு 1976-ல நோபல் வாங்குன ப்ளம்பெர்க்கும் சேந்து ஒரு ஆய்வு போட்டாங்க, முப்பது நாள் கீழாநெல்லி சாப்பிட்ட 37 பேருல 22 பேருக்கு வைரஸ் அடையாளம் ரத்தத்துல காணாம போச்சுன்னு. உலகமே திரும்பி பாத்துச்சு, ஆனா மத்த இடங்கள்ல பண்ணிப் பாத்தப்ப அந்த பலன் வரல. அதுவும் வைரஸுக்கு பண்ண ஆய்வு, கட்டிக்கு இல்ல. அத்தை ஒரு வாரம் குடுத்தாங்க, லிவர் டாக்டர் பேரு தெரியாத எந்த சாறும் சூரணமும் வேணாம்னதும் நிறுத்திட்டாங்க. பூஞ்சை புடிச்ச நிலக்கடலை, வத்தல், மக்காச்சோளம் வீட்ல இருந்தா தூக்கி போடுங்க, அதுல வர்ற அஃப்ளாடாக்ஸின் ஹெபடைடிஸ் பி-யோட சேந்தா ரொம்ப மோசமான கூட்டு. மாமா கடைல கசக்குற கடலைய ஒதுக்கி விலை குறைச்சு விப்பாங்க, இப்ப இல்ல.

என் கணக்குக்கு மாமா விஷயத்துல சுட்டது சரி, ஆனா அதோட நிறுத்துனா தப்பு. சுட்டுட்டு பட்டியல்ல பேரும் பதிஞ்சாச்சு, கட்டி திரும்ப வந்தா மாத்திக்கலாம்னு. இதுல ஒரு சூதாட்டம் இருக்கு, திரும்ப வர்றது மிலான் கோட்ட தாண்டி வந்துட்டா அந்த பஸ் போயிடும், அதான் மூணு மாசத்துக்கு ஒரு சி.டி-ய ஒரு தடவ கூட தள்ளிப்போடல. அவருக்கு நாப்பது வயசா இருந்து கொழுப்பு இல்லாத ஒரு டோனர் தயாரா இருந்திருந்தா நேரா மாத்தத்தான் சொல்லியிருப்பேன்.

ஒரு மாசம் கழிச்சு எடுத்த சி.டி-ல கட்டி இருந்த எடம் மொத்தமா கருப்பு, உயிர் இல்ல. மாமா பொண்ணு 78 கிலோவுல இருந்து 69-க்கு வந்துருச்சு, தினம் காலைல அஞ்சரைக்கு கண்மாய்க் கரைல நடை, அப்பாவையும் இழுத்துட்டு போகுது. ஏன்டி இவ்ளோ நடக்குறேன்னு அவர் கேட்டா கல்யாணத்துக்குதாம்ப்பான்னு சொல்லுது, அவருக்கும் தெரியும், தெரியாத மாதிரி நடக்குறாரு. பொண்ணோட லிவர் ஸ்கேன் இந்த மாசக் கடைசில. மாமாவுக்கு அடுத்த சி.டி நாளைக்கு, ஆறு மணிக்கு வெறும் வயித்தோட வரச் சொல்லியிருக்காங்க, கிட்னிய பாக்குற கிரியாட்டினின் ரிப்போர்ட்ட மறக்காம எடுத்துக்கணும், போன தடவ அது இல்லாம ரெண்டு மணி நேரம் உக்கார வெச்சுட்டாங்க.